மனமறியும் வீடும் கதியால் வேலியும்

 

குடியிருப்பவரின் மனத்தை அறிந்து தன்னை மாற்றிக்கொள்ளும் வீட்டைப் பற்றி இன்று பேசப் போகிறேன். அப்படியொரு வீடு கட்டப்பட்டதாக நான் அறியேன், எழுதப்பட்டிருக்கிறது. 1962ஆம் ஆண்டு ஜே. ஜி. பாலார்ட் என்ற ஆங்கில எழுத்தாளர் ஒரு சிறுகதை எழுதினார். ‘ஸ்டெல்லாவிஸ்டாவின் ஆயிரம் கனவுகள்’ என்று அதன் தலைப்பைத் தமிழில் சொல்லலாம். அந்தக் கதையில் வரும் வீடுகளுக்கு உணர்வு உண்டு. உள்ளே இருப்பவர் கோபப்பட்டால் சுவர் இறுகும். மனம் இளகினால் அறை அகலும். அதைவிட முக்கியமானது, அந்த வீடுகளுக்கு மறதி கிடையாது. முன்பு குடியிருந்தவர்களின் குணம் சுவர்களில் ஊறிக் கிடந்து, புதிதாக வருபவர்கள்மேல் கசியும். கதைசொல்லியும் மனைவியும் குடிபுகும் வீடு ஒரு நடிகையுடையது. அவளுடைய கணவன் அங்கேதான் சுட்டுக் கொல்லப்பட்டான். அந்தப் பழைய தம்பதியின் பகை புதிய தம்பதியையும் பிரித்துவிடுகிறது. கடைசியில் கதைசொல்லி மட்டும் அந்த வீட்டில் மிஞ்சுகிறான்.

இந்தக் கதையை எழுதியவர் 1930இல் ஷாங்காயில் பிறந்தவர். யுத்த காலத்தில் ஜப்பானியரின் தடுப்பு முகாமில் பெற்றோருடன் அடைபட்டிருந்த சிறுவன் அவர். ஆட்கள் ஓடிப்போன மாளிகைகளையும் வற்றிய நீச்சல் குளங்களையும் சின்ன வயதிலேயே பார்த்தவர். ‘சூரியப் பேரரசு’ என்ற பொருள் தரும் அவரது 1984ஆம் ஆண்டு நாவல் அந்த அனுபவத்திலிருந்து வந்தது. சுவருக்கு ஞாபகம் இருக்கும் என்று அவர் எழுதியதில் விஞ்ஞானக் கற்பனை பாதிதான் என்று நான் நினைக்கிறேன். மற்றப் பாதி ஷாங்காய்.

நமக்கும் அது விளங்கும். 1990 ஜூனில் யுத்தத்தால் யாழ்ப்பாணக் குடாநாட்டின் வலிகாமம் வடக்கிலிருந்து இடம்பெயர்ந்தவர்கள் இந்த மண்டபத்தில் இருப்பீர்கள். அதே ஆண்டு ஒக்ரோபர் முடிவில், யாழ்ப்பாண நகரத்து முஸ்லிம் மக்களை விடுதலைப் புலிகள் இரண்டு மணி நேர அவகாசத்தில் வெளியேற்றினார்கள்; சோனகத் தெரு வீடுகள் ஒரே நாளில் வெறுமையாயின. 1995 ஒக்ரோபர் 30ஆம் திகதி இரவு வலிகாமமே எழுந்து தென்மராட்சிப் பக்கம் நடந்தது. ஆட்கள் இல்லாத வீட்டுக்கு என்ன நடக்கும் என்பதை நாம் கண்ணால் கண்டவர்கள். முதலில் கதவு போகும். பிறகு நிலை, பிறகு ஓடு, பிறகு வளையும் சிலாகையும். கூரை போன அறையில் மழை விழும். அடுத்த வருடம் மூலையில் ஆலங்கன்று நிற்கும். 2017 ஜூலையில் மயிலிட்டித் துறைமுகமும் அதைச் சுற்றி 54 ஏக்கர் நிலமும் 27 வருடங்களுக்குப் பிறகு மக்களிடம் திரும்பின. அப்படித் திரும்பிய காணிகள் பலவற்றில் வீடும் இல்லை, வேலியும் இல்லை. கிணறு எங்கே இருக்கிறது என்று பார்த்துத்தான், குசினி இந்தப் பக்கம், படலை அந்தப் பக்கம் என்று ஆட்கள் தங்கள் வளவைக் கண்டுபிடித்தார்கள்.

வீட்டுக்கு உயிர் உண்டு என்ற எண்ணம் நமக்கு மேற்கிலிருந்து வந்ததல்ல. பஞ்சாங்கத்தைப் புரட்டினால் வாஸ்து நாள் இருக்கும். நிலத்தின் கீழ் படுத்திருக்கும் வாஸ்து புருஷன் வருடத்தில் எட்டு நாள்களில் கண் விழிப்பான். விழித்திருப்பது மூன்றே முக்கால் நாழிகை. அதற்குள் பல் துலக்கி, நீராடி, பூசை செய்து, உண்டு, தாம்பூலம் தரிப்பான். உண்ணும் வேளையிலும் தாம்பூல வேளையிலும் அத்திவாரக் கல் வைத்தால் நல்லது என்பார்கள். வீட்டுக்காரரின் நட்சத்திரத்தோடு பொருத்திப் பார்த்து வீட்டின் நீள அகலத்தை நிச்சயிக்கும் கணக்கும் நம்மிடம் உண்டு. ஆளுக்கு ஏற்ற வீடு என்ற ஆசை அந்தக் கணக்கில் இருக்கிறது. நெடுநல்வாடையைப் படித்தவர்களுக்கு இன்னொன்றும் நினைவிருக்கும். அரண்மனை கட்டுமுன் இரண்டு கோல்களின் நிழலை வைத்துத் திசை குறித்ததைச் சொல்லும் அதே பாட்டு, வாடைக்காலத்தில் மக்கள் நிலாமுற்றத்தையும் தென்றல் வரும் சாளரத்தையும் கைவிட்டு, கதவடைத்து, தீயருகே ஒடுங்குவதையும் சொல்கிறது. காலத்துக்கு ஏற்ப மாறுவது அங்கே வீடல்ல. வீட்டுக்குள் மனிதர் இருக்கும் இடம்.

மேற்கிலே இந்தக் கற்பனையைக் கட்டடமாக்கப் பாடுபட்டவர்கள் உண்டு. 1960களில் செட்ரிக் பிரைஸ் என்ற பிரித்தானியக் கட்டடக் கலைஞர், வருவோரின் விருப்பத்துக்கு ஏற்பச் சுவரும் தளமும் இடம்மாறும் ‘களிப்பு மாளிகை’ ஒன்றை வரைந்தார். அது கட்டப்படவே இல்லை. 2010இல் வெனிஸ் கட்டடக்கலைக் கண்காட்சியில் கனடாவின் பிலிப் பீஸ்லி, பார்வையாளர் நெருங்கினால் இலைபோன்ற உறுப்புகள் அசைந்து எதிர்கொள்ளும் ஒரு காட்டையே தொங்கவிட்டார். பார்க்க அதிசயமானதுதான். ஆனால் அங்கே யாரும் குடியிருக்கவில்லை; யாரும் யாரோடும் கோபித்துக்கொள்ளவில்லை.

நான் வீடு கீறுகிற தொழிலில் இருப்பவன். யாழ்ப்பாணத்து நாற்சார் வீடுகளை அளந்து படம் எடுக்கும் வேலையும் கொஞ்சம் செய்திருக்கிறேன். சுண்ணாம்புக் கல்லில் எழுப்பிய தடித்த சுவர், பனை வளை, ஓட்டுக் கூரை, நடுவே வானம் பார்த்த முற்றம். சோளகம் பெயர்ந்து புழுதி அள்ளும் மாதங்களில் மேற்குச் சாளரத்தைச் சாத்திவிட்டு முற்றத்தைச் சுற்றி இருக்கலாம். வாடையும் மழையும் வந்தால் தாழ்வாரத்துக்கு ஒதுங்கலாம். காற்றுக்கு மட்டும் அல்ல, மனத்துக்கும் அந்த வீட்டில் இடங்கள் இருந்தன. ஐயாவுக்குக் கோபம் வந்தால் வெளித்திண்ணைக்குப் போவார்; உள்ளே வந்து சாப்பிடும்வரை கோபம் தீரவில்லை என்று வீடே அறியும். சண்டை முடிந்ததற்கு அடையாளமாகச் செம்பில் தண்ணீர் யார் கொண்டுபோய் வைப்பது என்பதில் ஒரு முறை இருந்தது. அழ நினைக்கும் பெண்ணுக்குக் கிணற்றடி. இரகசியம் பேசக் குசினிக் கோடி. மகள் கலியாணம் கட்டினால் வீடு அவளுக்குச் சீதனமாகப் போகும். அடுத்தவளுக்கு அதே வளவில் இன்னொரு வீடு எழும். யாழ்ப்பாணத்து வழக்கச் சட்டமான தேசவழமையை 1707இல் ஒல்லாந்தர் எழுதி வைத்தார்கள். அதற்கு முன்பே பெண்வழி வீடு வளரும் வழக்கம் இங்கே இருந்தது. குடும்பம் விரிந்தால் வீடு விரிந்தது. குடும்பம் பிரிந்தால் முற்றத்தின் நடுவிலேயே தட்டி வந்தது.

ஆனாலும் யாழ்ப்பாணத்தின் உயிருள்ள கட்டடம் எது என்று கேட்டால், வீட்டைக் காட்டமாட்டேன். வேலியைக் காட்டுவேன்.

வேலி இங்கே உண்மையாகவே உயிருள்ளது. மாரி தொடங்கும்போது கதியால் போடுவார்கள்: கிளுவை, பூவரசு, முள்முருக்கு, வாதராணி, பின்னாளில் சீமைக்கிளுவை. தடியைச் சரிவாக வெட்டி ஊன்றி, உச்சி காயாமலிருக்கச் சாணி அப்புவார்கள். வேர் பிடித்தால் அது மரம். குழையை வெட்டி ஆட்டுக்குப் போடலாம். வயலிலும் புகையிலைத் தோட்டத்திலும் தாழ்த்தலாம். மண் வளம் குறைந்த, வற்றாத ஆறு இல்லாத குடாநாட்டில் வேலி என்பது மறைப்பு மட்டுமல்ல, பசளைக் களஞ்சியமும் அதுதான். மேகாலயாவில் காசி மக்கள் இறப்பர் ஆலின் வேர்களை ஆற்றின் குறுக்கே பின்னிப் பாலமாக வளர்க்கிறார்கள். உலகம் அதை உயிருள்ள கட்டடக்கலை என்று கொண்டாடுகிறது. ஒழுங்கை ஒழுங்கையாக நாம் வளர்த்ததை அந்தப் பட்டியலில் யாரும் சேர்க்கவில்லை. நாமும் கேட்கவில்லை.

வேலி அடைப்பதை அருகே நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும். கதியாலுக்குக் குறுக்கே வரிச்சுத்தடி கட்டி, பனையோலையை மிதித்துப் பதமாக்கி, ஒன்றன்மேல் ஒன்று ஏற நிரையாக வைப்பார்கள். கட்டுவதற்குக் குத்தூசி. நீளமான மர ஊசி; அதன் காதில் கயிறு. இந்தப் பக்கம் நிற்பவர் ஓலைக்கூடாகக் குத்தினால், அந்தப் பக்கம் நிற்பவர் கயிற்றைக் கழற்றி, வரிச்சைச் சுற்றி, மறுபடியும் காதில் கோத்து அனுப்புவார். தனியாளாக வேலி அடைக்க முடியாது. அந்தப் பக்கம் நிற்பவர் நிற்பது அயலவரின் வளவுக்குள்ளே. ஆகையால் எந்தப் பக்க வேலி யாருடையது என்பது உறுதியிலோ வழக்கத்திலோ தெளிவாக இருந்தாலும், அடைக்கும் நாளில் அயலாரிடம் ஒரு சொல் சொல்லாமல் முடியாது. அவர்கள் தேத்தண்ணி கொடுப்பார்கள். கொடுக்காவிட்டால் அதிலும் ஒரு செய்தி இருக்கும்.

வேலியில் பொட்டு இருக்கும். பெரியவர்கள் குனிந்து வரும் அளவு இடைவெளி. அதனூடாகக் கறி போகும், நெருப்புத் தணல் போகும், பிள்ளைகள் போவார்கள், சாவீட்டுக்கு முதல் ஆள் போவார். இரண்டு வீட்டுக்கும் இடையே என்ன நிலவுகிறது என்பதை அந்தப் பொட்டைப் பார்த்து ஊரார் அறிந்துகொள்வார்கள். மனத்தாங்கல் என்றால் முதல் நாள் ஓர் ஓலை குறுக்கே நிற்கும்; இலேசாக, தள்ளினால் விழக்கூடியதாக. அது ஒரு எச்சரிக்கை, ஒரு அழைப்பும்கூட. இரண்டாம் கிழமை வரிச்சு வரும். பகை முற்றினால் முள் வரும். பிறகு, பட்டுப்போன கதியாலுக்குப் பதில் புதிதாக நடும்போது ஒரு சாண் தள்ளி நடுவார்கள். வேலி அரக்கிவிட்டான் என்று மற்றவர் பிரக்கிராசியிடம் போவார். ஒரு சாண் நிலத்துக்காகத் தலைமுறையாக நடந்த வழக்குகள் இங்கே உண்டு. சமாதானம் ஆனால்? யாரும் பேச்சுவார்த்தை எழுதிக் கையெழுத்திடுவதில்லை. ஒரு காலையில் பொட்டு திறந்திருக்கும்.

பாலார்ட் கற்பனை செய்த சுவர் தானாகவே இறுகியது. எங்கள் வேலியும் இறுகியது, இளகியது. மனிதக் கை வைத்தால்தான். கோபத்துக்கும் முள்ளுக்கும் இடையே ஒரு கிழமை இருந்தது. ஓலை தேட வேண்டும், ஆளைக் கூப்பிட வேண்டும், குத்தூசியின் மறுபக்கம் நிற்க ஒருவர் வேண்டும். அந்த ஒரு கிழமையில் எத்தனையோ கோபங்கள் ஆறியிருக்கும். மனத்தை உடனுக்குடன் வாசித்து மாறும் வீடு ஆபத்தானது என்று நான் நினைப்பதற்குக் காரணம் இதுதான். நம் மனம் மாறும் வேகத்தில் நம் சுவர் மாறக் கூடாது. மாறவே முடியாததாகவும் அது இருக்கக் கூடாது.

இதைச் சொல்லும்போது ஒரு உண்மையை மறைத்தால் நான் இந்த மேடைக்கு நியாயம் செய்தவன் ஆகமாட்டேன். வீடு மனத்துக்கு ஏற்ப அமைந்தது என்றால், அந்த மனத்தின் கொடுமைக்கும் ஏற்பத்தான் அமைந்தது. இன்னார் படலையோடு நிற்க வேண்டும், இன்னார் முற்றம் வரை வரலாம், இன்னார் திண்ணையில் இருக்கலாம், இன்னார் விறாந்தை தாண்டலாம் என்று சாதி அந்த வீட்டை அடி அடியாக அளந்து வைத்திருந்தது. வேலியை அடைத்துக் கொடுத்தவருக்கே அதன் உள்ளே கிணற்றில் தண்ணீர் அள்ள உரிமை இருக்கவில்லை. சமூகக் குறைபாடுகள் தடைச் சட்டம் 1957இல் வந்தது. அதன் பிறகும் தேநீர்க் கடைகளிலும் கோயில் வாசல்களிலும் மக்கள் போராட வேண்டியிருந்தது. மாவிட்டபுரம் கோயிலில் 1968இல் நடந்த நுழைவுப் போராட்டம் நினைவிருக்கும். கே. டானியல் 1972இல் வெளிவந்த ‘பஞ்சமர்’ நாவலில் எழுதியது இந்த உலகத்தைத்தான். நாற்சார் வீட்டின் அழகைப் பற்றி ஆசையோடு எழுதும் நாங்கள், வரைபடத்தில் அந்தக் கோடுகளையும் கீறிக் காட்ட வேண்டும். எந்தப் படியில் யார் நிறுத்தப்பட்டார் என்பதும் அந்தக் கட்டடத்தின் அளவுதான்.

யுத்தத்துக்குப் பிறகு குடாநாட்டிலும் வன்னியிலும் ஆயிரக்கணக்கில் வீடுகள் எழுந்தன. இந்திய வீடமைப்புத் திட்டத்தில் வடக்குக் கிழக்குக்கென 46,000 வீடுகள்; வீட்டுக்கு ஐந்து இலட்சத்து ஐம்பதாயிரம் ரூபாய், கட்டங் கட்டமாகச் சொந்தக்காரர் கையிலேயே. பணம் போதவில்லை, பலர் கடன்பட்டார்கள், அதை மறுக்கவில்லை. ஆனால் குசினியை எங்கே வைப்பது, வாசல் எந்தப் பக்கம், பின்னுக்கு ஒரு அறை இழுக்க இடம் விடுவதா என்பதை அந்தக் குடும்பம் தீர்மானித்தது. 2016இல் வந்தது வேறு யோசனை: முன்கூட்டியே செய்த எஃகுப் பாகங்களைப் பொருத்தி 65,000 வீடுகள், ஒவ்வொன்றும் இருபது இலட்சம் ரூபாய்க்கும் மேல். எங்கள் வெயிலில் எஃகு வீடு கொதிக்கும், அந்தக் காசில் கல்வீடு இரண்டு கட்டலாம் என்று பொறியியலாளர்களும் சமூக அமைப்புகளும் எதிர்த்தார்கள். நானும் எதிர்த்தேன். வெயிலைவிட எனக்குப் பெரிதாகப் பட்டது, அந்த வீட்டில் குடியிருப்பவருக்குச் செய்ய எதுவும் மிச்சம் இல்லாதது. ஒரு ஆணி அடிக்கவும் யோசிக்க வேண்டிய வீட்டோடு குடும்பம் எப்படி வளரும்?

இலங்கையிலேயே இதற்கு நல்ல முன்மாதிரி இருந்தது. 1950களின் பிற்பகுதியில் கண்டி வட்டப்புளுவையில் அரச ஊழியர்களுக்கான வீட்டுத் திட்டத்தை மினெற் டி சில்வா வடிவமைத்தார். பிரித்தானியக் கட்டடக் கலைஞர் நிறுவகத்தின் இணை உறுப்பினரான முதல் ஆசியப் பெண் அவர். கீறத் தொடங்குமுன் அவர் கேள்விக்கொத்துக் கொடுத்தார், கூட்டம் வைத்தார். பல மதத்தவர், பல வருமானத்தவர். எப்படிச் சமைப்பீர்கள், எங்கே கும்பிடுவீர்கள், விருந்தாளி வந்தால் எங்கே இருத்துவீர்கள்? பதில்களிலிருந்து ஒரு சில வீட்டு மாதிரிகள் உருவாகின. குடும்பங்கள் தங்களுக்கானதைத் தெரிவுசெய்தன. குடியிருப்பவர் மனத்தை அறிய அவருக்கு உணரி எதுவும் வேண்டியிருக்கவில்லை. வாய் திறந்து கேட்டார். பதில் வரும்வரை காத்திருந்தார். இதை நான் மிகவும் மதிக்கிறேன். இன்றைக்கும் கட்டடத்துறை மாணவர்களுக்கு முதலில் சொல்லிக்கொடுக்க வேண்டியது இந்தத் திட்டத்தைத்தான் என்பது என் கருத்து.

இப்போது நம் ஊரில் எழும் வீடுகளுக்கு வருகிறேன். கதியால் போய் மதில் வந்துவிட்டது. சீமெந்துக் கல் மதில், ஆறடி, ஏழடி. மேலே கண்ணாடித் துண்டு அல்லது முள்ளுக்கம்பி. வேலி அடைக்க ஆள் கிடைப்பதில்லை, ஓலை வெட்ட ஆள் இல்லை, திருட்டுப் பயம் இருக்கிறது என்பதெல்லாம் உண்மை. மதில் கட்டுபவர்களைக் குறை சொல்ல நான் வரவில்லை. உள்ளே இரண்டு மாடி வீடு. கட்டியவர்கள் ரொறன்ரோவிலும் இலண்டனிலும் ஒஸ்லோவிலும் இருக்கிறார்கள். கீழ்மாடியில் அம்மா, சில வீடுகளில் அம்மாவும் இல்லை, பார்த்துக்கொள்ள ஒரு ஆள் மட்டும். நான்கு மூலையிலும் கமரா. மகன் வேலைக்குப் போகும் பஸ்ஸிலிருந்து கைபேசியில் முற்றத்தைப் பார்க்கிறார். படலை திறந்தால் அவருக்குச் செய்தி போகிறது. அம்மா மத்தியானம் விறாந்தைக்கு வரவில்லை என்றால் ரெலிபோன் வருகிறது.

மனத்துக்கு எதிர்வினை காட்டும் வீடு யாழ்ப்பாணத்துக்கு வந்துவிட்டது என்று சொல்லலாம். அது எதிர்வினை காட்டுவது, உள்ளே இல்லாத ஒருவரின் மனத்துக்கு: அவருடைய கவலைக்கு, அவருடைய ஏக்கத்துக்கு. அந்தக் கவலை உண்மையானது, அன்பிலிருந்து வருவது. கமராவைக் கழற்றுங்கள் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் அந்த வீட்டுப் படம் என்னிடம் வரும்போது, அறைகளின் எண்ணிக்கை, தரைக்கு எந்த மாபிள், மேல்மாடிப் பல்கனி எந்தப் பக்கம் என்பதெல்லாம் கடல் கடந்து வந்திருக்கும். அங்கே வாழப்போகும் எழுபது வயதுக்காரியை யாரும் ஒரு கேள்வியும் கேட்டிருக்கமாட்டார்கள். மூட்டு வலிக்காரிக்கு மாடிப்படி எதற்கு? ஒழுங்கையில் போவோர் வருவோரைப் பார்க்க முடியாத வரவேற்பறையில் பகல் முழுக்க அவர் என்ன செய்வார்?

ஆகையால் சில காலமாக நான் ஒரு முறை வைத்திருக்கிறேன். பணம் அனுப்புபவரோடு பேசிய பிறகு, வளவுக்குப் போய் அம்மாவோடு பேசாமல் படம் கீறுவதில்லை. காலையில் எங்கே தேத்தண்ணி குடிப்பீர்கள்? யார் முதலில் வந்து உங்களை எட்டிப் பார்ப்பார்? இரவில் பயம் வந்தால் யாரைக் கூப்பிடுவீர்கள்? இந்த மூன்று கேள்விக்கும் கிடைக்கும் பதிலில் பாதி வீடு தானாக உருவாகிவிடும். திண்ணை எங்கே வேண்டும், சாளரம் எந்த உயரம், குசினி எந்த அயலைப் பார்க்க வேண்டும் என்பதெல்லாம் அதில் இருக்கும்.

வலிகாமத்தில் ஒரு தாயார் இப்படிச் சொன்னார்: “தம்பி, மதில் எழுப்பிறதெண்டால் எழுப்பு. ஆனா அக்கா வாற வழியை அடைச்சுப் போடாதை.” அக்கா என்றது பக்கத்து வீட்டுப் பெண், உறவில்லை, நாற்பது வருட அயல். இடம்பெயர்ந்தபோதும் இருவரும் ஒன்றாகத்தான் நடந்தவர்கள். மகனுக்குச் சொன்னேன். பாதுகாப்பில்லை என்று மறுத்தார். பிறகு அம்மாவே ரெலிபோனில் பேசினார். என்ன பேசினார் என்று எனக்குத் தெரியாது, சம்மதம் வந்தது. பழைய பொட்டு இருந்த இடத்திலேயே மதிலில் இரண்டரை அடி இடைவெளி விட்டோம். இரும்புக் கதவு ஒன்று செய்வித்தோம். எந்தப் பக்கம் கொளுக்கி போடுவது என்று மேசன் கேட்டார். இரண்டு பக்கமும் போடச் சொன்னார்கள் இரண்டு அம்மாமாரும்.